விண்ணப்பிக்காமல் இருந்தவர்

முதலில் ஒரு சின்னக் கணக்கு. 150 மார்க் பரீட்சை. பாஸ் மார்க் 90. நீங்கள் 85 வாங்குகிறீர்கள். ஃபெயில். அடுத்த வருஷம் உங்கள் தங்கை அதே பரீட்சையை எழுதுகிறாள். அவளுக்கும் 85. அவளும் ஃபெயில். ஆறு மாதம் கழித்து அரசாங்கம் சொல்கிறது, இடஒதுக்கீட்டுப் பிரிவினர் 82 எடுத்திருந்தாலே பாஸ் என்று. யாருக்கெல்லாம்? கடைசியாக நடந்த பரீட்சையை எழுதினவர்களுக்கும், இனிமேல் எழுதப்போகிறவர்களுக்கும். தங்கை ஆசிரியை ஆகத் தகுதி பெற்றுவிட்டாள். நீங்கள் இன்னும் ஃபெயில். ஒரே வீடு, ஒரே சாதிச் சான்றிதழ், ஒரே மார்க்.

பெயரில்லாத இந்த அக்காவும் தங்கையும் என் கற்பனை. கணக்கு கற்பனை இல்லை. தமிழ்நாட்டில் 2012-லும் 2013-லும் ஆசிரியர் தகுதித் தேர்வு எழுதியவர்களுக்கு நிஜமாக நடந்தது இது. அரசு வேலைக்கு ஆள் எடுக்கும்போது 'முன்கூட்டியே சொல்லிவிட்டு, சொன்னபடி நடப்பது' என்கிற எளிய நாணயம் நம் ஊரில் என்ன பாடுபடுகிறது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குக் கிடைக்கவில்லை. அதனால் கொஞ்சம் விவரமாகவே பார்க்கலாம்.

அதற்கு முந்தைய தலைமுறையை நினைத்துக்கொள்ளுங்கள். பி.எட். முடித்த கையோடு எம்ப்ளாய்மென்ட் எக்ஸ்சேஞ்சில் பதிவு. மூன்று வருஷத்துக்கு ஒருமுறை போய்ப் புதுப்பிக்க வேண்டும். மறந்தால் சீனியாரிட்டி போச்சு. அந்த அட்டையைப் பீரோவில் நகைக்குப் பக்கத்தில் வைத்திருந்த குடும்பங்கள் உண்டு. பதினைந்து வருஷம் காத்திருந்தால் வேலை வரும் என்பது அந்தக் காலத்து எழுதப்படாத ஒப்பந்தம். நல்ல முறையா என்றால் இல்லை. ஆனால் எல்லோருக்கும் தெரிந்த முறை.

2009-ல் கல்வி உரிமைச் சட்டம் வந்தது. 2010 ஆகஸ்ட்டில் தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம், எட்டாம் வகுப்பு வரை பாடம் எடுக்க வேண்டுமானால் தகுதித் தேர்வில் பாஸ் பண்ண வேண்டும் என்றது. 60 சதவிகிதம் எடுத்தால் பாஸ். மாநிலங்கள் தங்கள் இடஒதுக்கீட்டுக் கொள்கைப்படி சலுகை கொடுத்துக்கொள்ளலாம் என்று 2011-லேயே வழிகாட்டு நெறிமுறையிலும் சொல்லிவிட்டது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். சலுகை கொடுக்கும் அதிகாரம் தமிழக அரசின் கையில் முதல் நாளிலிருந்தே இருந்தது. கொடுக்கவில்லை.

2012 ஜூலை 12-ல் முதல் தேர்வு. 150 கேள்விகள், 90 நிமிடங்கள். கேள்விக்கு 36 விநாடி. ஆறு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் எழுதினார்கள். பாஸானவர்கள் 2,448 பேர். ஆசிரியர்களுக்குத் தகுதியே இல்லை என்று டீக்கடையில் சிரித்தார்கள். தேர்வை வடிவமைத்தவர்களின் தகுதியைப் பற்றிச் சிரித்தவர்கள் குறைவு. அக்டோபரில் மூன்று மணி நேரம் கொடுத்து மறுபடி நடத்தினார்கள். அப்போதும் 90-தான் பாஸ் மார்க். 2013 ஆகஸ்ட்டில் அடுத்த தேர்வு. அறிவிப்பில் மறுபடியும் அதே 90.

ரிசல்ட் வந்து, சான்றிதழ் சரிபார்ப்பும் நடந்துகொண்டிருந்த சமயத்தில், 2014 பிப்ரவரியில் சட்டமன்றத்தில் அறிவிப்பு. 5 சதவிகிதச் சலுகை. 82 எடுத்தால் போதும். 2013 ஆகஸ்ட் தேர்வுக்கே பொருந்தும். 2012-ல் எழுதினவர்களுக்குக் கிடையாது.

அது மட்டுமா? பாஸானவர்களில் யாருக்கு வேலை என்று பார்க்க 'வெயிட்டேஜ்' என்று ஒன்று வைத்திருந்தார்கள். தகுதித் தேர்வு மார்க், பிளஸ் டூ மார்க், பட்டம், பி.எட். எல்லாவற்றையும் படிப்படியாகக் கூட்டிப் போட்டார்கள். அந்தப் படிக்கட்டு முறையில் தகுதித் தேர்வில் 90 எடுத்தவரும் 104 எடுத்தவரும் ஒன்று. இது விஞ்ஞானபூர்வமாக இல்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் சொல்ல, 2014 மே 30-ல் புதிய அரசாணை, புதிய கணக்கு. இப்போது ஒவ்வொரு மார்க்குக்கும் மதிப்பு உண்டு. நல்லதுதானே? ஆனால் அதில் பிளஸ் டூ மார்க்கும் அப்படியே சேர்ந்தது. 1990-களில் பிளஸ் டூ எழுதினவரும் 2008-ல் எழுதினவரும் ஒரே தராசில். பழைய காலத்தில் பிளஸ் டூ பேப்பர் எப்படித் திருத்துவார்கள் என்று உங்கள் வீட்டுப் பெரியவர்களைக் கேட்டுப்பாருங்கள். பரீட்சை எழுதி ஒன்பது மாதம் கழித்து, பதினைந்து வருஷத்துக்கு முந்தைய மார்க் ஷீட் ஒருவருடைய தலையெழுத்தை மாற்றியது.

வழக்குகள் நடந்தன. சென்னையில் அரசாணை சரி என்றார்கள், மதுரைக் கிளையில் செல்லாது என்றார்கள். 2016 நவம்பர் 9-ல் உச்ச நீதிமன்றம் இரண்டு அரசாணைகளும் செல்லும் என்று முடித்துவைத்தது. சலுகை கொடுப்பது அரசின் கொள்கை முடிவு, அதற்கு அதிகாரம் உண்டு, ஆட்டத்தின் நடுவில் விதியை மாற்றினதாக ஆகாது என்பது சாராம்சம்.

சலுகை தப்பு என்று நான் சொல்லவில்லை. இதை வைத்துக்கொண்டு இடஒதுக்கீட்டுக்கு எதிராக லெட்டர் எழுதலாம் என்று பேனாவைத் திறந்தவர்கள் தயவுசெய்து மூடிவிடுங்கள். இந்தச் சலுகை 2012-லேயே வந்திருக்க வேண்டும். முதல் அறிவிப்பிலேயே ஒரு வரி போட்டிருந்தால் போதும். தாமதமாகக் கொடுத்த நியாயத்தை, தாமதம் தன் தப்பு என்று ஒப்புக்கொள்ளாமல் பாதிப் பேருக்கு மட்டும் கொடுத்ததைத்தான் கேட்கிறேன்.

இந்த வழக்கில் கோர்ட்டுக்குப் போனவர்கள் யார் யார் என்று பாருங்கள். 90-க்கு மேல் எடுத்தும் வேலை கிடைக்காதவர்கள் ஒரு பக்கம், 82-க்கு மேல் எடுத்தவர்கள் இன்னொரு பக்கம். ரெண்டு பேரும் பரீட்சை எழுதினவர்கள், ஹால் டிக்கெட் உள்ளவர்கள். பரீட்சையே எழுதாத ஒருத்தர் உண்டு. '90 நமக்கு எங்கே வரும், 85 தாண்டினதே இல்லை' என்று அறிவிப்பைப் படித்துவிட்டு அப்ளிகேஷன் வாங்காமல் தனியார் பள்ளிக்கூடத்தில் குறைந்த சம்பளத்துக்கு வேலைக்குப் போய்விட்டவர். அவர் கோர்ட்டுக்குப் போக முடியாது. எந்த ஆவணத்திலும் அவர் பெயர் இல்லை. அரசாங்கம் சொன்னதை நம்பினார் என்பதைத் தவிர வேறு தப்பும் அவர் செய்யவில்லை.

இப்படி ஒருவர் இருக்கிறார் என்பதைக் கண்டுபிடித்ததும் உச்ச நீதிமன்றம்தான், அதுவும் 1990-ல். ஆந்திராவில் விஜயநகரம் மாவட்டத்தில் ஓர் ஆசிரியர் பணி. விளம்பரத்தில் முதுகலையில் இரண்டாம் வகுப்பு வேண்டும் என்று போட்டிருந்தார்கள். மூன்றாம் வகுப்பில் பாஸ் பண்ணின ஒருவர் தேர்வாகிவிட்டார். சான்றிதழைப் பார்த்துவிட்டு வேலையில் சேர விடவில்லை, வழக்கு வந்தது. அதில் நீதிபதிகள் சொன்னது இதுதான். விளம்பரத்தில் ஒரு தகுதியைப் போட்டுவிட்டு அதற்குக் குறைந்த ஒருவரை நியமித்தால், அது நியமித்தவருக்கும் வேலை பெற்றவருக்கும் இடையிலான சமாசாரம் மட்டுமல்ல. அதே தகுதியோ அதைவிட நல்ல தகுதியோ இருந்து, விளம்பரத்தைப் பார்த்து விண்ணப்பிக்காமல் இருந்துவிட்ட எல்லோரும் பாதிக்கப்பட்டவர்கள். இது பொதுமக்களை மோசடி செய்வதற்குச் சமம்.

எனக்குத் தெரிந்து அரசு வேலை பற்றி வந்த தீர்ப்புகளில் இதுபோல நறுக்கென்று சொன்னது வேறில்லை. வழக்குப் போட்டவரைத் தாண்டி, கோர்ட்டுக்கு வெளியே நிற்பவரை எட்டிப் பார்த்த தீர்ப்பு. 2006-ல் உமாதேவி வழக்கில் ஐந்து நீதிபதிகள், தற்காலிகமாக உள்ளே வந்தவர்களை விளம்பரமும் போட்டியும் இல்லாமல் நிரந்தரமாக்கக் கூடாது என்றதற்கும் இதே மாதிரியான காரணம்தான். அந்த வேலை காலி என்றே தெரியாமல் வெளியே நின்றவர்களுக்கு என்ன பதில்? (பத்து வருஷம் வேலை வாங்கிக்கொண்டு 'போய் வா' என்று சொல்வது மட்டும் நியாயமா என்பது வேறு சண்டை. இன்னொரு வாரம் போடலாம்.)

இந்த 'வெளியே நிற்பவர்' கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தால், நாம் கைதட்டுகிற சில விஷயங்களும் கொஞ்சம் உறுத்தும். 2022-ல் டி.என்.பி.எஸ்.சி. குரூப் 4 தேர்வை 7,301 இடங்களுக்கு என்று அறிவித்தது. விண்ணப்பித்தவர்கள் சுமார் 22 லட்சம். ரிசல்ட் வந்தபோது இடங்கள் பத்தாயிரத்தைத் தாண்டியிருந்தன. எல்லோருக்கும் சந்தோஷம். எண்ணிக்கை மாறலாம் என்று சொல்லிவைக்கிற வழக்கமும் உண்டு. ஆனால் கூடுதலாக வந்த இடங்கள் எங்கிருந்து வந்தன? அடுத்த அறிவிப்பில் வந்திருக்க வேண்டிய இடங்களாகவும் இருக்கலாம். 2022-ல் பதினேழரை வயதில் இருந்த பையனுக்கு அதில் பங்கு உண்டு. விளம்பரப்படுத்தியதைவிட அதிக இடங்களை நிரப்பினால், பிறகு தகுதி பெறுகிறவர்களின் வாய்ப்பைப் பறிப்பதாகும் என்று உச்ச நீதிமன்றம் பலமுறை எச்சரித்திருக்கிறது. இதைச் சொன்னால் தேர்வர்கள் என்னை அடிக்க வருவார்கள். வரட்டும். அறிவிக்கும்போதே துறைகளிடம் சரியான எண்ணிக்கையை வாங்க முடியாதா என்பதுதான் என் கேள்வி.

அறிவிப்பு வருவதற்கு முந்தைய காலமும் உண்டு. வேலைக்குப் போகாமல், கல்யாணத்தைத் தள்ளிப்போட்டு, நூலகத்தில் காலை எட்டு மணிக்கு இடம் பிடித்துப் படிக்கிற காலம். சட்டப்படி இவர்களுக்கு எந்த உத்தரவாதமும் இல்லை. 2019 செப்டம்பரில் குரூப் 2 முதல்நிலைத் தேர்விலிருந்து பொதுத் தமிழ், பொது ஆங்கிலத்தைத் தூக்கிவிட்டதாகத் தேர்வாணையம் அறிவித்தது. மூன்று வருஷமாகப் பொதுத் தமிழைக் கரைத்துக் குடித்தவர்கள் தெருவுக்கு வந்தார்கள். கோச்சிங் சென்டர்கள் புதுப் புத்தகம் அடித்தன. அப்புறம் கொரோனா. 2022-ல் குரூப் 2 நடந்தபோது முதல்நிலைத் தேர்வில் மொழிப் பகுதி திரும்ப வந்து உட்கார்ந்திருந்தது. புதுப் புத்தகம் வாங்கினவர்கள் அதைப் பழைய பேப்பர்காரரிடம் போட்டிருப்பார்கள். அவர் மட்டும்தான் மாற்றத்தை எதிர்பார்த்துத் தயாராக இருந்தவர்.

அறிவிப்பில் என்ன இருக்கிறது என்பது ஒரு பிரச்னை. அது போய்ச் சேர்ந்ததா என்பது இன்னொன்று. எம்ப்ளாய்மென்ட் எக்ஸ்சேஞ்ச் பட்டியலை மட்டும் வைத்து ஆள் எடுக்காதீர்கள், பேப்பரிலும் போடுங்கள், ஆபீஸ் நோட்டீஸ் போர்டில் ஒட்டுங்கள், ரேடியோ, டி.வி.யில் சொல்லுங்கள் என்று 1996-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. இன்றைக்கு எல்லாமே வெப்சைட். சான்றிதழ் சரிபார்ப்புக்கும் கவுன்சிலிங்குக்கும் தபால் வராது. எஸ்.எம்.எஸ்., மின்னஞ்சல் வரும். வராமல் போனால், அல்லது தாமதமானால், நாங்கள் பொறுப்பல்ல என்று அறிவிக்கையிலேயே ஒரு வரி. வெப்சைட்டைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டியது உங்கள் கடமை.

எனக்குத் தெரிந்த ஒரு பெண். அப்பாவுக்கு விவசாயக் கூலி வேலை. விண்ணப்பிக்கும்போது வீட்டில் இருந்த ஒரே செல்போன் அண்ணனுடையது; அந்த நம்பரைக் கொடுத்திருந்தாள். ரிசல்ட் வர ஒன்றரை வருஷம் ஆனது. அதற்குள் அண்ணன் திருப்பூருக்கு வேலைக்குப் போய், நம்பரையும் மாற்றிவிட்டான். சான்றிதழ் சரிபார்ப்புக்குக் கூப்பிட்ட தேதி தாண்டி ஒன்பதாம் நாள்தான் அவளுக்குத் தெரிந்தது. போய்க் கேட்டதற்கு, "வெப்சைட்ல போட்டாச்சேம்மா" என்றார்கள். போட்டது உண்மைதான். பதினெட்டு மாதம் தினமும் அந்த வெப்சைட்டைத் திறந்து பார்த்திருக்க வேண்டும் என்பது மட்டும்தான் பாக்கி. கரன்ட் பில் கட்டாவிட்டால் வீடு தேடி வந்து ஃப்யூஸைப் பிடுங்கத் தெரிகிற நாட்டில், 'உனக்கு வேலை கிடைக்கப்போகிறது, வா' என்று ஒரு கடுதாசி போட முடியவில்லை. இறுதிக் கட்டத்துக்கு வருகிறவர்கள் 22 லட்சம் பேர் அல்லவே, சில ஆயிரம் பேர்தானே!

விண்ணப்பத்தில் நீங்கள் பிறந்த தேதியைத் தப்பாகப் போட்டால் விண்ணப்பம் காலி. வாரியம் தேதியைத் தப்பாகப் போட்டால் அதற்குப் பெயர் 'பிழை திருத்தம்'. கடைசி நாள் ராத்திரி சர்வர் படுத்துக்கொண்டால் அது உங்கள் தலைவிதி. ஒப்பந்தத்தில் ஒரு தரப்பு மட்டும் கல்லில் எழுதுகிறது, இன்னொரு தரப்பு தண்ணீரில் எழுதுகிறது.

ஆட்ட விதிகளை ஆட்டம் முடிந்தபின் மாற்றக் கூடாது என்று 2008-லேயே மஞ்சுஸ்ரீ வழக்கில் தீர்ப்பு உண்டு. ஆந்திராவில் மாவட்ட நீதிபதிகள் தேர்வு; நேர்முகத் தேர்வெல்லாம் முடிந்தபிறகு, நேர்முகத்தில் குறைந்தபட்ச மார்க் என்று ஒன்றைப் புகுத்தினார்கள். செல்லாது என்று ரத்தானது. அடுத்து ராஜஸ்தான் உயர் நீதிமன்றம். 13 மொழிபெயர்ப்பாளர் பணியிடங்கள், வந்தவர்கள் 21 பேர். பரீட்சை, நேர்முகம் முடிந்தபின் 75 சதவிகிதம் எடுத்தவர்களை மட்டும் எடுங்கள் என்று உத்தரவாம். மூன்று பேர்தான் தேறினார்கள். கவனியுங்கள், ரெண்டு இடத்திலும் விதியை மாற்றினது நீதித்துறையே. அடுத்தவர் வீட்டுக் குப்பையைப் பற்றி மட்டும் தீர்ப்புச் சொன்னார்கள் என்று யாரும் குறை சொல்ல முடியாது.

ராஜஸ்தான் விவகாரம் 2009-ல் ஆரம்பித்தது. அதிலிருந்து எழுந்த சட்டக் கேள்விக்கு ஐந்து நீதிபதிகள் பதில் சொன்னது 2024 நவம்பர் 7-ல். பதினைந்து வருஷம். விண்ணப்பங்களை வரவேற்று விளம்பரம் வெளியானதும் தேர்வு நடைமுறை தொடங்கிவிட்டது. அப்போது அறிவித்த தகுதி விதிகளை நடுவில் மாற்றக் கூடாது என்று தெளிவாகச் சொன்னார்கள். நல்ல தீர்ப்பு. ஆனால் கூடவே ஒரு விலக்கு. ஏற்கனவே உள்ள விதிகளோ, அந்த விதிகளுக்கு முரண்படாத விளம்பரமோ அனுமதித்தால் மாற்றலாம். மாற்றம் தன்னிச்சையாக இருக்கக் கூடாது என்ற நிபந்தனையும் போட்டார்கள். எனக்குப் பயமெல்லாம் அந்த விலக்கின் மேல்தான். 'இவ்வறிவிக்கையின் எந்த நிபந்தனையையும் எந்நேரத்திலும் மாற்ற வாரியத்துக்கு உரிமையுண்டு' என்று கடைசிப் பக்கத்தில் பொடி எழுத்தில் ஒரு வரி சேர்க்க எத்தனை நேரமாகும்? நம்முடைய குமாஸ்தாக்களுக்கு நீதிபதிகளைவிட வேகம் அதிகம்.

மறுபடி நம் ஆசிரியர்களுக்கு வருவோம். 2013-ல் பாஸ் பண்ணி, வெயிட்டேஜில் வேலை கிடைக்காமல், சான்றிதழை மட்டும் வைத்துக்கொண்டு காத்திருந்தவர்கள் இருந்தார்களே, அவர்களுக்கு 2018 ஜூலையில் இன்னோர் அரசாணை வந்தது. தகுதித் தேர்வு பாஸ் போதாது, வேலைக்கு இன்னொரு போட்டித் தேர்வு எழுத வேண்டும். சரி, எப்போது? சொல்லவில்லை. 2020-ல் ஆசிரியர் பணிக்கு வயது வரம்பாக 40-ஐக் கொண்டுவந்தார்கள். எதிர்ப்பு கிளம்பியபின் படிப்படியாகத் தளர்த்தினார்கள். ஏழு வருஷம்தான் செல்லும் என்று சொல்லிக் கொடுத்த சான்றிதழ், 2021-ல் ஆயுள் முழுக்கச் செல்லும் என்று ஆனது. அந்தப் போட்டித் தேர்வு பட்டதாரி ஆசிரியர்களுக்கு 2024 பிப்ரவரியிலும், இடைநிலை ஆசிரியர்களுக்கு 2024 ஜூலையிலும் நடந்தது. 2013-ல் முப்பத்தைந்து வயதில் பாஸ் பண்ணினவர் நாற்பத்தாறு வயதில், தன் மாணவியாக இருந்திருக்கக்கூடிய பெண்ணுக்குப் பக்கத்து பெஞ்சில் உட்கார்ந்து எழுதினார்.

ஒவ்வொரு மாற்றத்துக்கும் ஒரு காரணம் இருந்தது. சிலவற்றுக்கு நல்ல காரணமே இருந்தது. எதையும் மாற்றக் கூடாது என்று யார் சொன்னார்கள்? அடுத்த அறிவிக்கையிலிருந்து அமலுக்கு வரும் என்று அரசாணையின் அடியில் ஒரு வரி சேருங்கள். பின்தேதியிட்டுச் சலுகை கொடுத்தே ஆக வேண்டுமென்றால், விண்ணப்பத்தை மறுபடி திறந்து, போன தடவை ஒதுங்கினவர்களையும் கூப்பிடுங்கள். இதற்குப் புதுச் சட்டம் வேண்டாம், பட்ஜெட்டில் நிதி ஒதுக்க வேண்டாம்.

அது நடக்கிற வரைக்கும் வேலை தேடுகிற வாசகர்களுக்கு ஒரு யோசனை. அறிவிக்கை வந்த அன்றைக்கே வெப்சைட்டிலிருந்து முழுவதையும் இறக்கி, தேதியோடு பிரின்ட் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். திருத்தம் வந்தால் அதையும் தேதியோடு. விண்ணப்பத்தில் அண்ணன் நம்பரைக் கொடுக்காதீர்கள். கொடுத்துவிட்டால், மாற்ற வழி இருக்கிறதா என்று அன்றைக்கே கேளுங்கள். அறிவிக்கையைப் படிக்கும்போது கடைசிப் பக்கத்திலிருந்து ஆரம்பியுங்கள். தகுதி இல்லையே என்று மூடி வைக்கப்போகிறீர்களா? மூடுங்கள். ஆனால் அந்தப் பிரின்ட்டை மட்டும் தூக்கிப் போடாதீர்கள்.